குடமும் கணக்கும்

பாலாறும் செய்யாறும் வேகவதியும் கூடுகின்ற இடம் திருமுக்கூடல். பெயர்தான் முக்கூடல்! நீர் கூடுகிற நாட்களைவிட மணல் காய்கிற நாட்களே அதிகம். எதிர்க்கரையில் பழைய சீவரம், இக்கரையில் பெருமாள் கோயில், நடுவிலே வெயில்.

அந்த ஊர்த் தேநீர்க் கடையில் சென்ற வாரம் ஒரு பெரியவர் என்னைப் பிடித்துக்கொண்டார்.

"தம்பி, நீ பத்திரிகையில் எழுதுகிற பிள்ளைதானே? அப்படியானால் என்னைத் துணை வட்டாட்சியர் என்று எழுது!"

"அந்தப் பதவியில் இருந்தீர்களா, ஐயா?"

"இருந்ததில்லை. இருந்ததாகக் காகிதம் இருக்கிறது!"

சிரித்தார். நானும் சிரித்தேன். பிறகு அவர் சொன்னதைக் கேட்டதும் என் சிரிப்பு நின்றுவிட்டது.

ஓர் அரசு அலுவலகத்தில் இளநிலை உதவியாளராகச் சேர்ந்தார். சேரியிலிருந்து அந்தப் படியேறிய முதல் ஆள் அவர். துறைத் தேர்வுகளை எழுதினார், தேறினார். உதவியாளரானார். அடுத்த பதவிக்கான பட்டியலிலே பெயரும் வந்தது. வந்த மாதமே வழக்கும் வந்தது! முதுநிலைப் பட்டியல் தவறு என்று ஒரு மனு. அதற்கு இடைக்காலத் தடை. தடையை நீக்க ஒரு மனு. நீக்கியதை எதிர்த்து மேல்முறையீடு. ஆண்டுகள் ஓடின, அவர் அதே நாற்காலியில் உட்கார்ந்திருந்தார். ஓய்வு வயது வந்தது. மாலை போட்டு அனுப்பிவைத்தார்கள். அதன்பிறகு ஒரு நாள் ஆணை வந்தது. 'கருத்தியலான பதவி உயர்வு' என்று அதற்குப் பெயர். பதவி உயர்வு இன்ன தேதியில் கிடைத்ததாகக் கருதிக்கொள்ளலாம். ஓய்வூதியக் கணக்குக்கு மட்டும் பயன்படும். பழைய சம்பளப் பாக்கி கிடையாது!

"நாற்காலி வரவில்லை, தம்பி. நாற்காலி வந்ததாக நினைத்துக்கொள் என்று காகிதம் வந்தது!"

வழக்குத் தொடுத்தவர் மீது கோபமா என்று கேட்டேன்.

"அவன்மேல் எனக்கென்ன கோபம்? அவனும் பக்கத்து மேசைக்காரன். தேர்வில் என்னைவிட மதிப்பெண் அதிகம்; பட்டியலில் எனக்குக் கீழே இருந்தான். அவனுக்கும் வயிறு எரியாதா? எங்கள் இருவரையும் முட்ட விட்டது யார்? அதை எழுது."

எழுதுகிறேன், பெரியவரே. அதைத்தான் எழுதப் போகிறேன்.

திருமுக்கூடல் கோயிற் சுவரில் வீரராசேந்திர சோழன் காலத்துக் கல்வெட்டு ஒன்று இருக்கிறது. 11ஆம் நூற்றாண்டைச் சேர்ந்தது. 15 படுக்கை கொண்ட மருத்துவசாலை இங்கே இருந்ததை அந்தக் கல் சொல்கிறது. நோய்க்கு மருத்துவர், அறுவைக்கு ஒருவர், மருந்து கொணர்வோர், பணிப்பெண்டிர், நாவிதர் என்று ஊழியர் பட்டியலே அதிலே உண்டு. ஆளுக்கு இவ்வளவு நெல் என்று அளந்து எழுதியிருக்கிறார்கள். பெருமைப்படத்தக்க செய்திதான், யார் மறுக்கிறார்கள்? ஆனால் பணிப்பெண்ணின் மகள் மருத்துவராவதற்கு வழி அந்தக் கல்லில் இல்லை. வேலை இருந்தது, கூலி இருந்தது, ஏணி இல்லை!

ஏணிதான் இன்றைய பேச்சு. வாசலைத் திறந்துவிட்டோம், உள்ளே வந்துவிட்டீர்கள், இன்னும் என்ன வேண்டும் என்று கேட்பவர்கள் இருக்கிறார்கள். வாசலில் நுழைந்தவன் வாசற்படியிலேயே உட்கார்ந்திருக்க வேண்டும் என்பது என்ன நியாயம்? அரசு அலுவலகத்தில் கோப்பைத் தைக்கிறவர் ஒருவர், குறிப்பெழுதுகிறவர் ஒருவர், கையெழுத்திடுகிறவர் ஒருவர். பட்டா கிடைப்பதும் கிடைக்காமற் போவதும் மூன்றாமவர் பேனாவிலே! தைக்கிற ஊசியில் பங்கு கொடுத்துவிட்டு, எழுதுகிற பேனாவைப் பூட்டி வைத்தால், அதற்குப் பெயர் அதிகாரத்தில் பங்கா?

இந்தக் கேள்வி புதிதன்று. நீதிக்கட்சி ஆட்சியில் 1921ஆம் ஆண்டு முதல் வகுப்புவாரி ஆணை பிறந்தது. 1928இல் முத்தையா முதலியார் அதற்குக் கையும் காலும் கொடுத்தார். 12 இடங்கள் இருந்தால் பார்ப்பனரல்லாத இந்துக்களுக்கு 5, பார்ப்பனருக்கு 2, இசுலாமியருக்கு 2, ஆங்கிலோ இந்தியர் உள்ளிட்ட கிறித்தவருக்கு 2, தாழ்த்தப்பட்டோருக்கு 1 என்று முறை வைத்தார். இன்று நாம் இனச்சுழற்சி என்கிறோமே, அதன் பாட்டன் அந்த ஆணைதான்.

1951இல் அந்த ஆணை உச்சநீதிமன்றத்தில் வீழ்ந்தது. செண்பகம் துரைராசன் வழக்கைப் பலரும் அறிவர். அது கல்லூரி இடம் பற்றியது. அதோடு இன்னொன்றும் நடந்தது: வெங்கட்டரமணா வழக்கு. அது மாவட்ட முன்சீப் உத்தியோகம் பற்றியது. தமிழகம் கொதித்தெழுந்தது, அரசியல் சட்டம் அதே ஆண்டில் முதன்முறையாகத் திருத்தப்பட்டது. வரலாறு தெரிந்த சேதி.

பலர் மறந்த சேதி ஒன்று உண்டு. பதவி உயர்வில் ஒதுக்கீடு செல்லுமா என்ற பெரிய வழக்கும் நம் சென்னையிலேதான் முளைத்தது! தென்னக இரயில்வேயில் தாழ்த்தப்பட்டோருக்குப் பதவி உயர்விலும் இடம் ஒதுக்கிச் சுற்றறிக்கை வந்தது. ரங்காச்சாரி என்ற ஊழியர் வழக்குத் தொடுத்தார். சென்னை உயர்நீதிமன்றம் அவர் பக்கம் தீர்ப்பளித்தது. உச்சநீதிமன்றம் 1961 ஏப்ரல் 28ஆம் நாள் அதை மாற்றியது. அரசியல் சட்டத்தின் 16(4) பிரிவிலே 'பதவிகள்' என்ற சொல் இருக்கிறது. அது மேற்பதவியையும் குறிக்கும் என்றது. ஐந்து நீதிபதிகளில் மூவர் ஒரு பக்கம், இருவர் மறுபக்கம். ஒரே ஒரு பேனா இந்தப் பக்கம் சாய்ந்ததால் ஏணி நின்றது!

31 ஆண்டு நின்றது. 1992 நவம்பர் 16இல் மண்டல் வழக்கின் தீர்ப்பு வந்தது. ஒன்பது நீதிபதிகள். பிற்படுத்தப்பட்டோருக்கு 27 விழுக்காடு செல்லும் என்றார்கள், நாம் மகிழ்ந்தோம். அதே தீர்ப்பில், ஒதுக்கீடு நுழைவோடு சரி, பதவி உயர்வுக்குக் கிடையாது என்றும் எழுதினார்கள். ஒரு கையால் கதவைத் திறந்து, மறு கையால் ஏணியை எடுத்தார்கள்!

நாடாளுமன்றம் சும்மா இருக்கவில்லை. 1995இல் 77ஆவது திருத்தம் வந்தது. 16(4ஏ) என்ற புதிய பிரிவு. தாழ்த்தப்பட்டோருக்கும் பழங்குடியினருக்கும் பதவி உயர்வில் ஒதுக்கீடு தரலாம் என்றது. பிற்படுத்தப்பட்டோர் இந்தப் பிரிவிலே இல்லை. அதை நினைவில் வையுங்கள்.

உடனே அடுத்த சிக்கல், மூப்புச் சிக்கல். இரண்டு எழுத்தர்களை எண்ணிப் பாருங்கள். முதலாமவர் முன்னால் சேர்ந்தவர். இரண்டாமவர் பின்னால் சேர்ந்தவர். ஒதுக்கீட்டால் இரண்டாமவர் முதலில் கண்காணிப்பாளராகிறார். நான்கு ஆண்டு கழித்து முதலாமவரும் கண்காணிப்பாளராகிறார். இப்போது இருவரில் மூத்தவர் யார்? நான்கு ஆண்டாக அந்த நாற்காலியில் இருப்பவரா? பழைய நாற்காலியில் மூத்தவராயிருந்தவரா? பழைய மூப்பே திரும்பும் என்று நீதிமன்றம் 1995லும், 1996லும், 1999லும் சொன்னது. இல்லை, உயர்வோடு மூப்பும் சேரும் என்று நாடாளுமன்றம் 2001இல் 85ஆவது திருத்தம் கொண்டுவந்தது. திருத்தம் ஒரு படி ஏற்றும், தீர்ப்பு ஒரு படி இறக்கும்! நடுவில் நின்றவர் எழுத்தர்.

2006 அக்டோபரில் நாகராஜ் வழக்கு. திருத்தங்கள் செல்லும் என்றது உச்சநீதிமன்றம். ஆனால், "கணக்கைக் கொண்டு வா" என்றது. அந்தப் பதவியில் அந்த மக்களுக்குப் போதிய இடம் இல்லை என்பதை எண்ணிக்கையால் காட்டு. அவர்கள் பின்தங்கியவர்கள் என்பதைக் காட்டு. நிர்வாகத் திறன் குன்றாது என்பதைக் காட்டு என்றது. தாழ்த்தப்பட்டவன் பின்தங்கியவன்தான் என்பதற்குச் சான்றிதழ் கேட்டார்கள்! 2018 செப்டம்பரில்தான் அந்த ஒரு நிபந்தனை நீங்கியது. மற்றவை நிற்கின்றன. வசதி பெற்ற மேல்தட்டினர் என்ற வடிகட்டியும் வந்து சேர்ந்தது.

இடையிலே 2012. உத்தரப் பிரதேச அரசு கணக்கில்லாமல் நீதிமன்றம் போயிற்று, தோற்றது. அதே ஆண்டு டிசம்பரில் மாநிலங்களவை 117ஆவது திருத்த மசோதாவை 206க்கு 10 என்று நிறைவேற்றியது. மக்களவையில் அது நிறைவேறவே இல்லை. 2014இல் அவை கலைந்தபோது மசோதாவும் மடிந்தது. 2020 பிப்ரவரியில் உத்தரகாண்ட் வழக்கு: பதவி உயர்வில் ஒதுக்கீடு கேட்பது அடிப்படை உரிமையன்று, அரசு விரும்பினால் தரலாம் என்றார்கள். ஆக, தருவதும் தராததும் அரசின் மனம்; தந்தால் கணக்கும் அரசின் பொறுப்பு.

தமிழ்நாட்டுக்கு வருவோம். நம் குறையை நாம் பேசாவிட்டால் வேறு யார் பேசுவது?

பதவி உயர்விலே தனி ஒதுக்கீடு என்ற நேர்வழியை நாம் பெரும்பாலும் நம்பியிருக்கவில்லை. நாம் நம்பியது சுழற்சியை. நுழைவிலே முதல் இடம் பொதுப் போட்டிக்கு, அடுத்தது ஆதி திராவிடருக்கு, அடுத்தது மிகவும் பிற்படுத்தப்பட்டோருக்கு, அடுத்தது பிற்படுத்தப்பட்டோருக்கு என்று சக்கரம் சுழலும். அந்தச் சக்கரத்தின் வரிசையே மூப்பு வரிசையுமாயிற்று. ஆகவே ஆதி திராவிட இளைஞர் இரண்டாமிடத்தில் நின்றார். அடுத்த பதவிக்கும் அதே வரிசையில் போனார். தனிச் சட்டமில்லாமலே ஏணி கிடைத்தது. நல்ல ஏற்பாடுதான், நீதிமன்றம் கேட்காதவரை!

நீதிமன்றம் கேட்டது. 2003 மார்ச் 10இல் அரியானா வழக்கொன்றில் உச்சநீதிமன்றம் தெளிவாகச் சொன்னது: சுழற்சி என்பது யாருக்கு எந்த இடம் என்று ஒதுக்குவதற்கு; மூத்தவர் யார் என்று காட்டுவதற்கன்று. மூப்பு மதிப்பெண் வரிசைப்படி என்றது. அந்த எச்சரிக்கை மணியைச் சென்னைக் கோட்டையிலே யாரும் கேட்டதாகத் தெரியவில்லை. பழைய முறையே தொடர்ந்தது. 2015இல் சென்னை உயர்நீதிமன்றம் சுழற்சி மூப்பு செல்லாது என்றது. 2016 சனவரியில் உச்சநீதிமன்றம் அரசின் மேல்முறையீட்டை ஏற்க மறுத்தது. அதே ஆண்டு அரசு ஊழியர் பணி நிபந்தனைச் சட்டம் கொண்டுவந்து, பழைய முறைக்குச் சட்டத்தின் சட்டையை மாட்டினார்கள். 2019 நவம்பரில் அந்தப் பிரிவுகளும் வீழ்ந்தன. பொதுப்பணித் துறை உதவிப் பொறியாளர்களின் பட்டியலைத் தீர்ப்புப்படி திருத்தவில்லை என்று வழக்கு. 2021 அக்டோபர் 1ஆம் நாள் உச்சநீதிமன்றம் அது அவமதிப்பு என்றே கூறிவிட்டது!

2003 முதல் 2021 வரை 18 ஆண்டு. ஆட்சிகள் மாறின, கட்சிகள் மாறின, கோப்பு மாறவில்லை. யார் ஆண்டபோது என்று விரல் நீட்ட நான் வரவில்லை. விரலை நீட்டினால் எல்லாத் திசைக்கும் நீட்டவேண்டியிருக்கும்.

"மதிப்பெண் அதிகம் பெற்றவன் மூத்தவன், இதிலே என்ன தவறு?" என்று கேட்கலாம். அப்படிக் கேட்பவர்கள் எல்லோரையும் சமூகநீதிக்குப் பகைவர் என்று நான் தள்ளமாட்டேன். அதிக மதிப்பெண் பெற்றுப் பொதுப் போட்டியில் வந்தவர்களிலே பிற்படுத்தப்பட்ட வீட்டுப் பிள்ளைகளும் உண்டு. தறிகாரர் மகன் உண்டு, உழவர் மகள் உண்டு. அவர்கள் கேட்பது நியாயமான கேள்வி: விதி என்ன என்று முன்பே சொல்லுங்கள், நடுவில் மாற்றாதீர்கள். பெரியவரும் அதைத்தான் கேட்கிறார். மேசைக்கு இந்தப் பக்கத்தவரும் அந்தப் பக்கத்தவரும் கேட்பது ஒன்றே! அவர்களை முட்ட விட்டது அரசின் சோம்பல்.

"திறமை கெட்டுவிடும்" என்ற பழம்பாட்டு ஒன்றும் உண்டு. பதவி உயர்வு கேட்பவர் வானத்திலிருந்து குதித்தவரல்லர். அதே அலுவலகத்தில், அதே கோப்பை, அதே மின்விசிறிக்குக் கீழே பல்லாண்டு புரட்டியவர். அவருடைய வேலையைப் பார்க்க வேறு யாருக்கும் கிடைக்காத வாய்ப்பு அவருடைய மேலதிகாரிக்குக் கிடைத்திருக்கிறது. திறமை இல்லையென்றால் அவரை இத்தனை ஆண்டு வேலை வாங்கியது எப்படி?

வழி என்ன? பாலாறு எங்கே பிறக்கிறது? கருநாடகத்து நந்திமலையில். அங்கிருந்து நமக்குத் தண்ணீர் வருவது அரிது, பாடம் வரலாமே!

கருநாடக அரசும் கணக்கில்லாமல் நீதிமன்றம் போயிற்று. 2017 பிப்ரவரியில் தோற்றது. தோற்றவர்கள் நீதிபதிகளைத் திட்டிக்கொண்டு உட்காரவில்லை. ரத்னபிரபா தலைமையில் குழு அமைத்தார்கள். துறை துறையாகத் தாழ்த்தப்பட்டோர் எத்தனை, பழங்குடியினர் எத்தனை என்று எண்ணினார்கள். அந்த எண்ணிக்கையின் மேல் 2018இல் சட்டம் எழுதினார்கள். அதே உச்சநீதிமன்றம் 2019 மே 10இல் அந்தச் சட்டம் செல்லும் என்றது! மாநிலம் அதேதான், மன்றமும் அதேதான். முதல்முறை கையில் இல்லாதது இரண்டாம் முறை இருந்தது: கணக்கு!

கணக்கையும் எப்படி எடுப்பது என்று 2022 சனவரி 28இல் உச்சநீதிமன்றம் சொல்லிவிட்டது. துறை முழுதையும் கூட்டி ஒரே எண்ணாகக் காட்டாதே. ஒவ்வொரு பதவிப் பிரிவுக்கும் தனித்தனியே எண்ணு. காலந்தோறும் புதுப்பி என்றது. இது நமக்கு எதிரான பேச்சா? இல்லை, நமக்கே உதவும் பேச்சு! கூட்டுகிறவர்களையும் கையெழுத்திடுகிறவர்களையும் ஒரே கூடையில் போட்டு எண்ணினால், போதிய இடம் இருப்பதாகவே கணக்கு வரும். படிவாரியாக எண்ணினால்தான், எந்தப் படியில் ஆள் குறைகிறது என்று கண்ணுக்குத் தெரியும். அந்த எண்ணைக் கண்டு அஞ்ச வேண்டியவர் வேறு யாரோ, நாம் அல்ல.

2025 சூனில் உச்சநீதிமன்றமே தன் அலுவலக ஊழியர்களுக்கு, பதவி உயர்வையும் சேர்த்து, தாழ்த்தப்பட்டோருக்கு 15 விழுக்காடும் பழங்குடியினருக்கு 7.5 விழுக்காடும் ஒதுக்கிப் பட்டியல் வெளியிட்டது. தீர்ப்பெழுதும் மன்றமே தன் வீட்டில் ஏணி சார்த்திய பிறகு, கோட்டைகள் தயங்குவதற்குக் காரணம் ஏது?

கேட்பது மூன்றே மூன்று. ஒவ்வொரு துறையும் பதவி வாரியான எண்ணிக்கையை ஆண்டுதோறும் எல்லோரும் பார்க்க வெளியிடட்டும். அந்த எண்ணிக்கை குறை காட்டும் இடத்தில், 16(4ஏ) பிரிவின்படி, சுற்றுவழியில்லாமல் நேர்வழியில் சட்டம் எழுதட்டும். வழக்கு நடக்கும்போதும், தீர்ப்புக்குக் கட்டுப்பட்டு என்ற நிபந்தனையோடு பதவிகளை நிரப்ப நீதிமன்றத்தின் இசைவைக் கேட்டுப் பெறட்டும். நாற்காலி காலியாகவும், அதற்குரியவர் நின்றுகொண்டும் இருக்கிற கொடுமை இனியும் வேண்டாம்.

திருமுக்கூடல் இருக்கும் அதே வட்டத்தில்தான் உத்திரமேரூர் இருக்கிறது. பராந்தகன் காலத்து, 919, 921ஆம் ஆண்டுகளின் கல்வெட்டுகள் அங்கே. குடத்தில் ஓலையிட்டு, சிறுவனைக்கொண்டு எடுக்கச் செய்து, வாரியத்துக்கு ஆள் தேர்ந்த முறை. உலகுக்கே முன்மாதிரி என்று மேடைதோறும் முழங்குகிறார்கள். ஆனால் அந்தக் குடத்தில் யார் பெயர் விழும்? வரி செலுத்தும் சொந்த நிலம் வேண்டும். சொந்த மனையில் வீடு வேண்டும். வேதம் கற்றிருக்க வேண்டும்! தேநீர்க் கடைப் பெரியவரின் முன்னோர் பெயர் அந்தக் குடத்தின் வாயைக்கூடப் பார்த்திராது. குடம் பொது, ஓலை பொதுவன்று.

இருந்தாலும் அந்தக் கல்லிலே நான் வணங்குகிற விதி ஒன்று உண்டு. வாரியத்தில் இருந்து கணக்குக் காட்டாதவன் பெயரையும், அவன் உறவினர் பெயரையும் குடத்தில் இடக்கூடாது என்பது அந்த விதி. ஆயிரத்து நூறு ஆண்டுக்கு முன்பே எழுதினார்கள்: பொறுப்பில் இருந்தாயா, கணக்கைக் காட்டு!

அன்று குடத்தை அடைத்து வைத்தார்கள், கணக்கைக் கேட்டார்கள். இன்று குடத்தைத் திறந்துவிட்டோம். கணக்கை மட்டும் மறந்துவிட்டோம். அந்த மறதிக்கு விலை கொடுத்தவர், மூன்று ஆறு கூடுகிற ஊரிலே, வராத நாற்காலியின் காகிதத்தை மடித்துச் சட்டைப் பையில் வைத்துக்கொண்டு தேநீர் குடிக்கிறார்.

விடைபெறும்போது சொன்னார்: "என் பேத்தி தேர்வு எழுதியிருக்கிறாள், தம்பி. அவளுக்காவது உட்கார்ந்த பிறகு காகிதம் வரட்டும்."

வரவேண்டும். எண்ணத் தொடங்குங்கள்.